பிசானம்

பிசானம் என்பது தாமிரபரணிப் பாசனப் பகுதியில் வழங்கும் பழைய வேளாண்மைச் சொல். பிசாணம் என்றும் எழுதுவர்.

பொருள்

1. ஐப்பசி, கார்த்திகையில் நட்டு மாசி, பங்குனியில் அறுக்கும் நெற்பருவம்.
2. அப்பருவத்தில் விளையும் நெல்.

பேச்சில் அறுவடைக் காலத்தையும் குறிக்கும். “பிசானம் அறுத்ததும் தாரேன்” என்று கடன் வாங்கியவர் சொன்னால், மாசிக்குப் பிறகுதான் பணம் வரும் என்று பொருள்.

காரும் பிசானமும்

இதன் இணைச்சொல் கார். ஆனியில் தொடங்கிப் புரட்டாசிவாக்கில் முடியும் கார் சாகுபடி, மேற்குத் தொடர்ச்சி மலையில் பெய்யும் தென்மேற்குப் பருவமழையை நம்பியது. பிசானத்துக்கு வடகிழக்குப் பருவமழை. அப்போது ஆற்றுடன் ஊர்க் குளங்களும் பெருகும். ஆகவே மழை பொய்த்துக் கார் தவறிய ஆண்டில், கடைமடை விவசாயிக்குப் பிசானம் ஒன்றே மிஞ்சும்.

இலக்கணம் கூறும் கார்காலம் ஆவணி, புரட்டாசி ஆகிய இரு மாதங்களே. அதையும் கார் சாகுபடியையும் மாணவர்கள் ஒன்றெனக் கொள்ளக்கூடாது.

இன்றைய வழக்கு

பாபநாசம் அணையிலிருந்து நீர் திறக்கும் அறிவிப்புகளில் ‘பிசான சாகுபடி’ இன்றும் இடம்பெறுகிறது. ஆனால் நெல்லை மாணவர் பலரும் பாடநூலில் படித்த சம்பா, குறுவையையே அறிவர். தஞ்சைப் பகுதியின் சம்பா, தாளடிக்குப் பிசானம் காலத்தால் நெருக்கமானது. எனினும் அதைச் சம்பா என்று மாற்றி எழுதினால், எந்த ஆற்றுப் பாசனம், எந்த முறை நீர் என்ற செய்தி விடுபட்டுவிடும்.