கனவில் கொட்டிய பல்

பல் கொட்டுவதாகக் கனவு கண்டு எழுந்தவருக்கு அன்றைய பொழுது சரியாகப் போகாது. நாக்கால் ஒவ்வொரு பல்லாகத் தொட்டுப் பார்ப்பார். வெளியூரில் இருக்கும் அப்பாவுக்குப் போன் போட்டு, “சும்மாதான் கூப்பிட்டேன், உடம்பு எப்படி இருக்கு?” என்பார். பல் விழுந்தால் சொந்தத்தில் சாவு என்று நம் பக்கத்தில் சொல்லிவைத்திருக்கிறார்கள். விடியற்காலைக் கனவு பலிக்கும் என்றும் சொல்லிவைத்திருக்கிறார்கள். இரண்டும் ஒன்று சேர்ந்தால் வயிற்றைக் கலக்காமல் என்ன செய்யும்?

டீயைக் குடியுங்கள், நிதானமாகப் பேசுவோம். பல் மட்டுமல்ல. கை தனியே கழன்று வருவது, வாயிலிருந்து முடி வந்துகொண்டே இருப்பது, ஓட நினைத்தும் கால் நகராமல் நிற்பது, தன் பிணத்தைத் தானே பார்ப்பது என்று உடம்பு விகாரமாகத் தெரியும் கனவுகள் பல உண்டு. வீடு இடிவதாகக் கண்டால் எழுந்ததும் மறந்துவிடலாம். உடம்பு சிதைவதாகக் கண்டால் அது லேசில் விடாது. எழுந்த பிறகும் அந்த உடம்போடுதானே நடமாட வேண்டியிருக்கிறது!

இப்படிப்பட்ட கனவுக்கு அர்த்தம் தேடுவதற்கு முன்னால் கேட்க வேண்டிய முதல் கேள்வி ஒன்று இருக்கிறது. அந்த நேரத்தில் படுக்கையில் கிடந்த உடம்பு என்ன நிலையில் இருந்தது? பல் விழும் கனவைப் பற்றி இஸ்ரேலில் செய்த ஓர் ஆய்வு 2018-ல் வெளிவந்தது. அப்படிக் கனவு காண்பவர்களுக்குக் காலையில் எழும்போது பல்லிலும் ஈறிலும் தாடையிலும் ஒரு இறுக்கமோ வலியோ இருப்பதாகத் தெரிந்தது. மனக்கவலைக்கும் இந்தக் கனவுக்கும் அப்படியொரு தொடர்பு தென்படவில்லை. தூக்கத்தில் பல்லைக் கடிப்பவர் போய்ப் பார்க்க வேண்டியது பல் மருத்துவரைத்தான், ஜோசியரை அல்ல.

நெஞ்சில் ஏறி உட்கார்ந்து ‘அமுக்குவான்’ அழுத்துகிறான் என்று கிராமத்தில் சொல்வார்கள். அதற்கும் காரணம் தெரிந்திருக்கிறது. விழிகள் வேகமாக அசையும் தூக்கக் கட்டம் ஒன்று உண்டு என்று அமெரிக்காவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் 1953-ல் எழுதினார்கள். நாம் தெளிவாக நினைவுவைத்திருக்கும் கனவுகளில் பெரும்பாலானவை அந்தக் கட்டத்தில் வருபவை. அப்போது மூளை கை கால் தசைகளைத் தளர்த்திக் கட்டிப்போட்டுவிடுகிறது. கனவில் ஓடுகிறவர் நிஜமாகவே எழுந்து ஓடிவிடாமல் இருப்பதற்கான காவல் அது. சில சமயம் விழிப்பு முந்திக்கொள்ளும். கட்டு அவிழச் சில நொடிகள் பிந்தும். அந்த இடைவெளியில் கண் திறந்திருக்கும், அறை தெரியும், விரலை அசைக்க முடியாது, மூச்சு முட்டும். யாரோ மேலே உட்கார்ந்திருப்பதாகத் தோன்றும்.

இதையெல்லாம் பேசப் பெண்ணாடத்தைவிடப் பொருத்தமான ஊர் எனக்குத் தெரியாது. தூங்கானைமாடக் கோயில் இருக்கும் இந்த ஊரில்தான் பதின்மூன்றாம் நூற்றாண்டில் மெய்கண்டார் பிறந்தார் என்பது சைவ மரபு. திருவெண்ணெய்நல்லூரில் இருந்து அவர் எழுதிய சிவஞானபோதம் பன்னிரண்டே சூத்திரங்கள் கொண்டது. உயிர் என்று ஒன்று தனியே உண்டா என்ற கேள்வியை மூன்றாம் சூத்திரம் எடுத்துக்கொள்கிறது. என் கை, என் கால் என்கிறோம். அப்படிச் சொல்பவர் கையும் அல்ல, காலும் அல்ல. கனவில் கண்ணும் காதும் அடங்கிக் கிடக்கின்றன; ஆனாலும் அறிவு நிகழ்கிறது. ஆகவே அறிகிறவர் வேறு, பொறிகள் வேறு என்று அது வழக்காடுகிறது.

அடுத்த சூத்திரம், மந்திரிகளோடு இருக்கும் அரசனைப் போல உயிர் விழிப்பு, கனவு முதலான ஐந்து அவத்தைகளில், அதாவது நிலைகளில், நிற்பதைச் சொல்கிறது. சித்தாந்த நூல்கள் இதற்கு ஒரு கணக்கே வைத்திருக்கின்றன. விழிப்பில் உயிர் புருவ நடுவில் முப்பத்தைந்து கருவிகளோடு நிற்கும். கனவில் கழுத்துக்கு இறங்கும். அப்போது பார்க்கும் கண், கேட்கும் காது முதலான ஐந்தும், பேசும் வாய், நடக்கும் கால் முதலான ஐந்தும் மேலேயே தங்கிவிடும். மிச்சம் இருபத்தைந்து கருவிகள். மனம், புத்தி, சித்தம், அகங்காரம் நான்கும் அந்த இருபத்தைந்தில் அடக்கம்.

இந்தக் கணக்கை இன்றைய நரம்பியலோடு முடிச்சுப் போடுவது என் நோக்கமல்ல; இரண்டும் வேறு வேறு கேள்விகளுக்குப் பதில் தேடியவை. ஆனால் கனவு கண்டு பயந்தவருக்கு இதில் பெரிய ஆறுதல் உண்டு. கனவில் நீங்கள் பார்த்த கை, படுக்கையில் கிடந்த உங்கள் கை அல்ல. மனம் தன் கையிருப்பில் உள்ளதைக் கொண்டு செய்துகொண்ட கை. அது நீளலாம், கழன்று விழலாம், வேறொருவருடையதாகவும் மாறலாம்.

அப்படியானால் மனம் ஏன் கையை எடுத்தது, காலை எடுக்கவில்லை? இங்கேதான் இரண்டாம் கேள்வி வருகிறது. கண்டவர் யார்? இரண்டாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் பெரிய கனவு நூல் எழுதிய ஆர்ட்டெமிடோரஸ், வாயை வீடாகவும் பற்களை வீட்டு மனிதர்களாகவும் வைத்துப் பலன் சொன்னார். நம் ஊர்ப் பாட்டிகள் சொல்வதும் கிட்டத்தட்ட அதேதான். ஆனால் கண்டவரின் தொழில், வயது, உடல்நிலை எல்லாம் தெரியாமல் பலன் சொல்லக்கூடாது என்றும் அவர் வலியுறுத்தினார். பாட்டிகளிடமிருந்து நாம் எடுத்துக்கொண்ட பலனில் இந்த இரண்டாம் பாதி விடுபட்டுப்போயிற்று.

பெண்ணாடம், இறையூர்ப் பக்கம் கரும்பு வெட்டப் போகும் ஒரு பெண்ணை நினைத்துக்கொள்ளுங்கள். இடது கை கரும்பைப் பிடிக்கிறது, வலது கை தரையை ஒட்டி வெட்டுகிறது, சோகை முழங்கை வரை கீறுகிறது. நாளெல்லாம் கத்தி பிடித்த விரல்கள் ராத்திரியில் மரத்துப்போகின்றன. அவர் தன் கை துண்டாகிக் கிடப்பதாகக் கனவு கண்டால், அந்தக் கையின் களைப்புதான் முதலில் பேசுகிறது.

அதே கனவைச் சிறு வயதிலிருந்து பெரியபுராணக் கதைகள் கேட்டு வளர்ந்த இன்னொரு பெண் காணலாம். இந்த ஊர்க்காரரான கலிக்கம்ப நாயனார், அடியார்களின் காலைக் கழுவி அமுது படைப்பவர். மனைவி கரகத்திலிருந்து நீர் வார்ப்பார். முன்பு அவர்களிடம் வேலை பார்த்துவிட்டுப் போன ஒருவர் அடியார் கோலத்தில் வந்து நின்றபோது அந்த அம்மா ஒரு கணம் தயங்கினார். நாயனார் மனைவியின் கையை வெட்டிவிட்டுக் கரகத்தைத் தானே எடுத்து நீர் வார்த்தார். பக்தியின் உச்சமாகச் சொல்லப்படும் கதை இது. ஆனால் கேட்ட சிறுமியின் மனதில் நாயனாரின் பக்தி தங்கியதா, தயங்கிய கை தங்கியதா? வீட்டில் ஒரு பேச்சை மறுத்துப் பேச நினைத்துப் பேசாமல் விட்ட அன்றிரவு அந்தக் கை கனவில் வரலாம். கனவு ஒன்றுதான், அர்த்தம் இரண்டு. அகராதி பார்த்துச் சொல்பவருக்கு இரண்டுமே தப்பிப்போகும்.

“அப்படியானால் காப்பியத்தில் கனவெல்லாம் பலித்ததே?” என்று கேட்பீர்கள். கோவலன் தன் உடை பறிக்கப்பட்டுக் கொம்புள்ள விலங்கின் மேல் போவதாகக் கண்டான், மதுரையில் வெட்டுப்பட்டான். இராவணன் தலைகளில் எண்ணெய் வழிய, கழுதையும் பேயும் இழுக்கும் தேரில் தெற்கே போவதைக் கம்பனின் திரிசடை கண்டாள், அவனும் மாண்டான். ஆனால் அங்கே கனவைச் செய்தவரும் புலவர், சாவைச் செய்தவரும் புலவர். வரப்போவதைத் தெரிந்துகொண்டு கனவை எழுதினார்கள். நம் கனவுக்கு அப்படி முடிவு தெரிந்த ஆசிரியர் கிடையாது.

மருத்துவ நூலான சரக சம்ஹிதை இதில் இன்னும் நிதானமானது. கண்டது, கேட்டது, அனுபவித்தது, ஆசைப்பட்டது, கற்பனை செய்தது, வரப்போவதைக் காட்டுவது, உடல் தோஷத்தால் வருவது என்று கனவை ஏழாகப் பிரிக்கிறது. முதல் ஐந்துக்கும் பலன் இல்லை என்று வைத்தியர் அவற்றைத் தள்ளிவிடலாம் என்கிறது. கனவு பலிக்கும் என்று நம்பிய காலத்திலேயே ஏழில் ஐந்தைக் கழித்துவிட்டார்கள்.

கழிக்கக்கூடாத சிலவும் உண்டு. ஒரே பயங்கரக் கனவு வாரக்கணக்கில் திரும்பத் திரும்ப வந்து தூக்கத்தைக் கெடுத்தால், விபத்தோ அடியோ பட்ட பிறகு அது தொடங்கியிருந்தால், மனநல மருத்துவரிடம் பேசலாம். இதற்குச் சிகிச்சை உண்டு. சில ரத்த அழுத்த மாத்திரைகளும் கெட்ட கனவைக் கிளப்பும். மாத்திரையை நீங்களாக நிறுத்தாமல் கொடுத்தவரிடம் சொல்லுங்கள். வயதானவர் கனவில் சண்டை போடுவதோடு நிற்காமல் நிஜமாகவே கையை வீசி, காலால் உதைத்துப் பக்கத்தில் படுத்திருப்பவரை அடித்துவிடுகிறார் என்றால் நரம்பியல் மருத்துவரைக் கட்டாயம் பார்க்க வேண்டும். மூளை போடும் கட்டு தளர்ந்திருப்பதன் அறிகுறி அது. பார்க்கின்சன் போன்ற நோய்க்கு ஆண்டுகள் முந்திய எச்சரிக்கையாகவும் இருக்கலாம்.

மற்றபடி கனவைக் கண்டு நடுங்க வேண்டியதில்லை. மெய்கண்டாரின் தந்தை அச்சுத களப்பாளரைப் பற்றி மரபு ஒன்று சொல்கிறது. பிள்ளை இல்லாத அவர் திருமுறை ஏட்டில் கயிறு சாத்தி, அது காட்டும் பாட்டைக் குறியாகப் பார்த்தபோது திருவெண்காட்டைப் பற்றிய சம்பந்தர் பதிகம் வந்தது. மனைவியோடு அங்கே போய்க் குளங்களில் மூழ்கி வழிபட்டார். இறைவன் கனவில் வந்து, இந்தப் பிறவியில் உனக்குப் பிள்ளைப்பேறு இல்லை என்றார். களப்பாளர் அத்தோடு ஒடுங்கிப்போகவில்லை. நான் சம்பந்தர் வாக்கை நம்பி வந்தேன் என்று அந்தக் கனவிலேயே பதில் சொன்னார். இறைவன் இசைந்தார்; பிள்ளை பிறந்தது.

கடவுளே வந்து சொன்ன கனவுக்கு மறுமொழி சொல்ல ஒரு தகப்பனுக்கு இடம் இருந்திருக்கிறது. ஒரு பல்லோ ஒரு கையோ வந்து பயமுறுத்திய கனவுக்கு நாம் பதில் சொல்லக்கூடாதா? எழுந்ததும் உடம்பைக் கேளுங்கள், பிறகு முந்தின நாள் மனதில் இருந்ததைக் கேளுங்கள். அப்புறமும் மிச்சமிருந்தால், உங்களை நன்றாகத் தெரிந்த ஒருவரிடம் முழுசாகச் சொல்லிப் பாருங்கள். சொல்லும்போதே பாதி அர்த்தம் உங்கள் வாயாலேயே வந்துவிடும்.