ஜார் போனார், படம் வந்தது

டால்ஸ்டாயின் 'ஃபாதர் செர்ஜியஸ்' கதையை ஜார் ஆட்சி இருந்தவரை ரஷ்யாவில் யாராலும் படமாக எடுக்க முடியவில்லை. ஏன்னு கேக்குறீங்களா? இளவரசர் கசாட்ஸ்கி கல்யாணம் பண்ணப்போற பொண்ணு, முதலாம் நிக்கோலஸ் மன்னரின் ஆசைநாயகியாக இருந்தவள். அது தெரிந்ததும் அவர் ராணுவத்தை விட்டுத் துறவி ஆகிறார். மன்னரையும் பாதிரியாரையும் திரையில் காட்ட அன்றைய தணிக்கை விடுமா? 1917-இல் ஜார் பதவி இழந்தார். அதே வருஷம் இயக்குநர் புரோட்டசானோவ் ஷூட்டிங்கில் இறங்கிட்டார். 1918-இல் படம் ரிலீஸ்.

மௌனப் படம்னா ஒரே ஓவர் ஆக்டிங்னு நினைக்காதீங்க. இரவில் ஒரு பெண் துறவியின் குடிலுக்கு வருகிறாள். சபலத்தை அடக்க அவர் கோடாரியால் தன் விரலையே வெட்டிக்கொள்கிறார். அந்தப் போராட்டம் முழுக்க நடிகர் மொசூகின் முகத்திலேயே தெரியும். இளைஞன், துறவி, தள்ளாடும் கிழவர், எல்லாமே அவர்தான். ஹாஸ்டலில் நைட்டு பாருங்க, ஹெட்போன்கூட வேண்டாம்.