ஃப்ரேமில் ஒருத்தர், பின்னால் ஒரு படை!

'ஆக்‌ஷன்' சொல்ல வேண்டியவரே விசாரணைக் கைதியாகக் கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டால் மானிட்டரை யார் பார்ப்பது? 2019இல் வெளிவந்த 'ஒத்த செருப்பு சைஸ் 7' படத்தை நினைத்தாலே இந்தக் கேள்விதான் குறுகுறுக்கிறது. எழுத்து, இயக்கம், தயாரிப்பு எல்லாம் பார்த்திபன். நடிப்பு? அதுவும் அவரேதான்! படம் முழுக்கத் திரையில் வேறு முகமே கிடையாது.

ஆனால் காவல் நிலையம் என்னவோ ஜேஜே என்று இருக்கிறது. அதிகாரி அதட்டுகிறார், காவலர்கள் வந்து போகிறார்கள். எல்லாமே குரல்கள்! இப்போது பார்த்திபனின் கண்களைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள். அவர் நடிக்கும் கைதி மாசிலாமணி நிமிர்ந்து பார்த்தால் அங்கே ஓர் அதிகாரி நிற்கிறார் என்று நாம் நம்ப வேண்டும். பார்வை ஒரு சாண் தப்பினாலும் அந்த ஆள் காற்றில் கரைந்துவிடுவார். குரல் எந்தப் பக்கமிருந்து வருகிறதோ, கண்ணும் அங்கேதான் போக வேண்டும். ராம்ஜியின் கேமரா, சுதர்சனின் கத்தரி, ரசூல் பூக்குட்டியின் ஒலி எல்லாம் கைகோத்துத்தான் இல்லாத மனிதர்களை அறைக்குள் கூட்டி வருகின்றன. தேசிய விருதில் பார்த்திபனுக்கு நடுவர் குழுவின் சிறப்பு விருது. கூடவே ஒலிக்கலவைக்காக ரசூலுக்கும் ஒரு விருது. பொருத்தமென்றால் இதுதான் பொருத்தம்! அந்தப் படத்தில் சக நடிகர் என்று யாரையாவது சொல்வதானால், ஒலியைத்தான் சொல்ல வேண்டும்.

இயக்கிக்கொண்டே நடிக்கும் இந்த இரட்டைக் குதிரைச் சவாரி பார்த்திபனுக்குப் புதிதல்ல. கே.பாக்யராஜின் உதவியாளராக இருந்துவிட்டு, 1989இல் 'புதிய பாதை'யில் இயக்குநராகவும் நாயகனாகவும் ஒரே நாளில் அறிமுகமானவர். அந்தப் பழக்கம்தான் 2022இல் 'இரவின் நிழல்' வரை இழுத்து வந்திருக்கிறது. முன்னும் பின்னும் தாவும் ஒரு வாழ்க்கைக் கதை, அதுவும் ஒரே ஷாட்டில்! ஐம்பதுக்கும் மேற்பட்ட செட்டுகள். ஆர்தர் வில்சனின் கேமரா ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு நழுவிக்கொண்டே இருக்கிறது. நந்து என்ற ஒரே பாத்திரத்தின் வெவ்வேறு வயதுகளுக்கு வெவ்வேறு நடிகர்கள், தத்தம் இடத்தில் தயாராக நிற்க வேண்டும். எங்கோ ஒரு விளக்கு தாமதமாக எரிந்தால் போச்சு, மறுபடி முதலிலிருந்து! மாதக்கணக்கில் ஒத்திகை பார்த்தும், 23ஆவது டேக்கில்தான் ஓகே ஆனது. இயக்குநர் ஃப்ரேமுக்குள் இருக்கும்போது படத்தைத் தாங்கிப் பிடிப்பவர்கள் லைட்மேனும், ஆர்ட் அசிஸ்டென்ட்டும், ஃபோகஸ் புல்லரும்தான். தானே எல்லாம் செய்யும் கலைஞன்தான் மற்றவர்களை அதிகம் நம்பியாக வேண்டும்!

இதைப் பார்த்திபன் மறைக்கவில்லை என்பதுதான் எனக்குக் கொள்ளை மகிழ்ச்சி. 'இரவின் நிழல்' வெளியானபோது தியேட்டரில் முதலில் ஓடியது படம் உருவான கதை. இடைவேளைக்குப் பிறகுதான் படமே. சண்டையும் சலிப்பும் வியர்வையுமாக அத்தனை பேரையும் பார்த்த பிறகு, அந்த ஒற்றை ஷாட்டை மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் பார்க்க முடிந்தது. ஒவ்வொரு கதவு திறக்கும்போதும், அதற்குப் பின்னால் நிற்பவருக்காக மனசு அடித்துக்கொண்டது!