மார்பிள் கேக்கின் வரிகள்

ஒரு தம்ளர் நீரில் ஒரு சொட்டு மையை விட்டுக் கரண்டியால் இரண்டு சுற்றுச் சுற்றிப் பாருங்கள். சில நொடிகளில் நீர் முழுவதும் ஒரே வெளிர்நீலமாகிவிடும். அதில் மை எங்கே, நீர் எங்கே என்று யாராலும் காட்ட முடியாது. இப்போது மார்பிள் கேக் ஒன்றின் துண்டை எண்ணிப் பாருங்கள். பழுப்பு நிறக் கலவையையும் பொன்னிறக் கலவையையும் ஒரே தட்டில் ஊற்றி, கத்தியால் கிளறி, முக்கால் மணி நேரம் சூடாக்கியிருக்கிறார்கள். ஆனாலும் சலவைக்கல்லில் ஓடும் வரிகளைப் போல இரண்டு நிறங்களும் தனித்தனியே நிற்கின்றன. மை கலந்துவிட்டது, கேக் மாவு ஏன் கலக்கவில்லை?

சாக்லேட்டும் வேர்க்கடலையும் சேர்ந்த மார்பிள் கேக் ஒன்றை வீட்டில் செய்துகொண்டே இதற்கு விடை தேடுவோம். அடுப்பு வேலைக்குப் பெரியவர் ஒருவர் உடனிருக்கட்டும். இன்னொன்றும் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். வேர்க்கடலை சிலருக்கு ஒவ்வாமையை உண்டாக்கும்; அது உயிருக்கே ஆபத்தாகவும் முடியலாம். யாருக்குக் கேக் கொடுக்கப் போகிறீர்களோ அவர்களிடம் முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

தேவையானவை: மைதா 200 கிராம், சர்க்கரை 200 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 120 கிராம், முட்டை 3, பால் 120 மில்லிலிட்டர், பேக்கிங் பவுடர் 2 தேக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு. இவை இரண்டு கலவைகளுக்கும் பொது. பழுப்புக் கலவைக்கு மட்டும் இனிப்புச் சேர்க்காத கொக்கோத் தூள் 25 கிராமும், கரைக்க இன்னும் 3 மேசைக்கரண்டிப் பாலும் வேண்டும். பொன்னிறக் கலவைக்கு மட்டும் வேர்க்கடலை விழுது 80 கிராம். கடைகளில் 'பீநட் பட்டர்' என்று விற்பது இதுதான். பெயரில் பட்டர் இருந்தாலும் அதில் பால் வெண்ணெய் கிடையாது. வறுத்துத் தோல் நீக்கிய வேர்க்கடலையை மிக்ஸியில் விடாமல் அரைத்தால், முதலில் தூளாகி, பிறகு எண்ணெய் கசிந்து, வீட்டிலேயே விழுது கிடைத்துவிடும்.

கொக்கோ, வேர்க்கடலை இரண்டுக்குமே பூர்வீகம் தென் அமெரிக்கா என்பது ஒரு வேடிக்கையான ஒற்றுமை. கடல் கடந்து வந்த வேர்க்கடலை நம் ஊர்ப் புன்செய்களில் நம்முடையதாகவே ஆகிவிட்டது. கொக்கோவும் பொள்ளாச்சிப் பக்கத்துத் தென்னந்தோப்புகளில் ஊடுபயிராக வளர்கிறது.

முதல் வேலை, வெண்ணெயில் 20 கிராமைத் தனியே எடுத்து வைத்துவிட்டு, மீதியைச் சர்க்கரையோடு சேர்த்து அடிப்பது. சர்க்கரையை மிக்ஸியில் ஓரிரு சுற்று மட்டும் சுற்றிக்கொள்ளுங்கள். அது ரவை போல இருக்க வேண்டும், மாவாகிவிடக் கூடாது. காரணம், அந்தச் சிறு படிகங்களின் கூர்முனைகள்தாம் வெண்ணெய்க்குள் காற்றை இழுத்துச் செல்கின்றன. அடிக்க அடிக்க மஞ்சள் வெண்ணெய் வெளுத்து வருவதைக் காண்பீர்கள். கண்ணுக்குத் தெரியாத ஆயிரக்கணக்கான காற்றுக் குமிழிகள் ஒளியைச் சிதறடிப்பதால் வரும் வெண்மை அது. பேக்கிங் பவுடர்தான் கேக்கில் குமிழிகளை உண்டாக்குகிறது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியல்ல. அது வெளியிடும் கார்பன் டை ஆக்சைடு வாயு, ஏற்கெனவே இருக்கும் குமிழிகளுக்குள் புகுந்து அவற்றைப் பெரிதாக்குகிறது. குமிழியே இல்லாத கலவையில் எவ்வளவு பவுடர் போட்டும் பெரிய பயனில்லை. வெயில் காலத்தில் வெண்ணெய் உருகி எண்ணெயாகிவிட்டால் காற்று அதில் தங்காது. எனவே காலை நேரத்தில் செய்யுங்கள்.

முட்டைகளை ஒவ்வொன்றாகச் சேர்த்து அடியுங்கள். பிறகு பேக்கிங் பவுடரும் உப்பும் சேர்த்துச் சலித்த மைதாவையும் பாலையும் மாற்றி மாற்றிச் சேர்த்து மெதுவாகக் கலக்குங்கள். பேக்கிங் பவுடர் என்பது ஆப்ப சோடாவும், உலர்ந்த அமிலப் பொருள் ஒன்றும், இரண்டையும் ஈரம் படாமல் காக்கச் சிறிது ஸ்டார்ச்சும் சேர்ந்தது. ஈஸ்ட் ஒத்துக்கொள்ளாத தம் மனைவிக்காக இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரில் ஆல்ஃபிரட் பேர்ட் என்ற மருந்துக் கடைக்காரர் 1843-ஆம் ஆண்டில் உருவாக்கியது இது.

கலவையை இரு சம பங்காகப் பிரித்துக்கொள்ளுங்கள். உண்மையான சோதனை இனிமேல்தான் தொடங்குகிறது.

வேர்க்கடலை விழுதில் ஒரு கரண்டியைக் கிண்ணத்தில் எடுத்து, சில சொட்டுத் தண்ணீர் விட்டுக் கலக்கிப் பாருங்கள். தண்ணீர் விட்டால் எதுவும் இளகும் என்றுதானே எதிர்பார்ப்போம்? விழுதோ இறுகிக் கட்டியாகிவிடும்! விழுது என்பது எண்ணெயில் மிதக்கும் நுண்ணிய கடலைத் துகள்களின் கூட்டம். அந்தத் துகள்களில் புரதமும் மாவுச்சத்தும் உள்ளன. இவை எண்ணெயை விட நீரையே விரும்புபவை. சில சொட்டு நீர் கிடைத்ததும் துகள்களின் மேற்பரப்பு நனைந்து, ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன. நீரை மேலும் மேலும் விட்டால்தான் மறுபடி இளகும். உருக்கிய சாக்லேட்டில் ஈரக் கரண்டியை விட்டால் அது திரிந்து கட்டியாவதும் இதே காரணத்தால்தான். ஆகவே தனியே வைத்த 20 கிராம் வெண்ணெயை உருக்கி, முதலில் விழுதை அதில் இளக்கிக்கொண்டு, அதன் பிறகே ஒரு பங்குக் கலவையில் சேர்க்க வேண்டும்.

கொக்கோவின் குணம் வேறு. கொக்கோக் கொட்டையிலிருந்து கொழுப்பைப் பிழிந்தெடுக்கும் முறைக்கு ஹாலந்தில் வான் ஹூட்டன் குடும்பத்தார் 1828-ஆம் ஆண்டில் காப்புரிமை பெற்றார்கள். அப்படிப் பிழிந்த பிண்ணாக்கைப் பொடித்ததே கொக்கோத் தூள். நார்ப்பொருளும் மாவுச்சத்தும் நிறைந்த இந்தத் தூள் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். அதை உலர்ந்தபடியே கொட்டினால் அந்தப் பங்கு மட்டும் கெட்டியாகிவிடும். எனவே தூளை 3 மேசைக்கரண்டி சூடான பாலில் குழைத்துச் சேருங்கள். சூடு எதற்கென்றால், தூளில் எஞ்சியுள்ள கொக்கோக் கொழுப்பு ஏறக்குறைய நம் உடல் வெப்பத்தில்தான் உருகும். உருகினால்தான் தூள் கட்டி கட்டாமல் நனையும்.

இரண்டு கலவைகளையும் கரண்டியில் எடுத்து ஊற்றிப் பாருங்கள். இரண்டும் ஒரே வேகத்தில், நாடா போல மடிந்து விழ வேண்டும். ஒன்று தளர்வாகவும் மற்றொன்று இறுகியும் இருந்தால், தளர்ந்தது ஓடிப் பரவ, இறுகியது கட்டியாக அடியில் உட்கார்ந்துவிடும். பிறகு வரிகள் ஏது? இறுகியதில் அரைக் கரண்டிப் பால் சேர்த்துச் சரிசெய்யுங்கள். மார்பிள் கேக் நன்றாக வராமல் போகும் வீடுகளில் பெரும்பாலும் பிழை இங்கேதான் நேர்கிறது என்பேன்.

வெண்ணெய் தடவி மைதா தூவிய நீளமான கேக் தட்டில் இரண்டையும் மாற்றி மாற்றிக் கரண்டி கரண்டியாக ஊற்றி, கத்தியைச் செங்குத்தாக விட்டு மூன்று நான்கு வளைவுகள் மட்டும் இழுங்கள். போதும், கத்தியை எடுத்துவிடுங்கள்!

ஏன் இந்தக் கண்டிப்பு? மை கலந்த கதைக்குத் திரும்புவோம். நீரில் கரண்டியைச் சுற்றினால் சிறிதும் பெரிதுமாக ஆயிரம் சுழல்கள் உண்டாகி எல்லாவற்றையும் கலக்கிவிடுகின்றன. இது கொந்தளிப்பு ஓட்டம். கேக் கலவையின் பாகுநிலை, அதாவது ஓட்டத்துக்கு அது காட்டும் எதிர்ப்பு, நீரைப் போல ஆயிரக்கணக்கான மடங்கு. அதனால் சுழல் பிறந்தவுடனே அடங்கிவிடுகிறது. பக்கத்துப் பக்கத்து அடுக்குகள் ஒன்றையொன்று உரசிக்கொண்டு வரிசை குலையாமல் நகர்கின்றன. இது வரிச்சீர் ஓட்டம். ஆஸ்பர்ன் ரெனால்ட்ஸ் என்ற அறிஞர் மான்செஸ்டரில் கண்ணாடிக் குழாய் நீரில் சாயக் கோடு ஒன்றை ஓடவிட்டு, எப்போது அது நேராக ஓடுகிறது, எப்போது குலைகிறது என்று ஆராய்ந்து 1883-ஆம் ஆண்டில் வெளியிட்டார். உங்கள் கத்திமுனையில் நடப்பதும் அவருடைய சோதனையின் ஒரு பாதிதான்.

அப்படியானால் எவ்வளவு கிளறினாலும் கலக்காதா? கலக்கும். ஆனால் வேறு வழியில். ஒரு கணக்குப் போடுவோம். 4 சென்டிமீட்டர் பழுப்பின் மேல் 4 சென்டிமீட்டர் பொன்னிறம் இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். பரோட்டாவுக்கு மாவை இழுத்து மடிப்பது போல, இதைப் பாதித் தடிப்புக்கு இழுத்து ஒரு முறை மடித்தால் நான்கு அடுக்குகள். ஒவ்வொன்றும் 2 சென்டிமீட்டர். மீண்டும் மடித்தால் எட்டு அடுக்குகள். ஒவ்வொன்றும் 1 சென்டிமீட்டர். மூன்றாம் மடிப்பில் 5 மில்லிமீட்டர். இதுவரை அழகான வரிகள்தாம். ஐந்தாம் மடிப்பில் ஒன்றேகால் மில்லிமீட்டர். ஒன்பதாம் மடிப்பிலோ 0.08 மில்லிமீட்டருக்கும் குறைவு! படிக்கும் தூரத்தில் நம் கண்ணால் பிரித்தறியக் கூடிய இடைவெளி ஏறத்தாழ 0.1 மில்லிமீட்டர்தான். பழுப்பும் பொன்னிறமும் அப்போதும் தனித்தனியாகவே இருந்தாலும் உங்களுக்குத் தெரிவது ஒரே மங்கிய பழுப்பு. இப்படி இழுத்து மடிப்பதைக் கணித அறிஞர்கள் 'ரொட்டிக்காரர் உருமாற்றம்' என்றே அழைக்கிறார்கள்; கலப்பதைப் பற்றிய ஆராய்ச்சிகளில் அது ஒரு முக்கியமான பாடம். உங்கள் கத்தி அவ்வளவு ஒழுங்காக மடிப்பதில்லை என்றாலும் நான்கு வளைவுக்கும் இருபது வளைவுக்கும் உள்ள வேறுபாடு இதுவே.

கிளறியது அதிகமாகிவிட்டால் எதிர்ப்பக்கமாகக் கிளறிப் பழைய நிலைக்குக் கொண்டுவரலாமா? சிரிக்காதீர்கள், இது நல்ல கேள்வி. 1960-களில் ஜி. ஐ. டெய்லர் என்ற ஆங்கிலேய இயற்பியலறிஞர் ஒரு திரைப்படத்தில் இதைச் செய்தே காட்டினார். ஒன்றுக்குள் ஒன்றாக வைத்த இரு உருளைகளுக்கு நடுவே பாகு போன்ற திரவம். அதில் ஒரு சாயப் புள்ளி. உள் உருளையைச் சில சுற்றுகள் சுற்றியதும் புள்ளி இழுபட்டு மறைந்துபோயிற்று. அதே அளவு எதிராகச் சுற்றியதும் புள்ளி திரும்பி வந்தது! ஆனால் அதற்கு ஒவ்வொரு அசைவையும் இம்மி பிசகாமல் எதிராகச் செய்ய வேண்டும். உருளையால் அது முடியும். கத்தி பிடித்த கையால் முடியாது.

இன்னொரு சந்தேகம் எழலாம். கலக்காமல் விட்டாலும் மை நீரில் தானாகவே பரவுகிறதே? ஆம், சாய மூலக்கூறுகள் மிகச் சிறியவை. நீரின் மூலக்கூறுகள் அவற்றை மோதி மோதி அலையவிடுகின்றன. பழுப்பு நிறம் தரும் கொக்கோத் துகளோ மூலக்கூறைப் போலப் பல்லாயிரம் மடங்கு பெரியது. அத்தகைய துகள் பாகு போன்ற கலவைக்குள் முக்கால் மணி நேரத்தில் தானாக நகரும் தூரம் கண்ணுக்கே தெரியாது.

ஓவனை முன்னதாகவே 175 டிகிரி செல்சியஸுக்குச் சூடாக்கி வைத்து, 45 முதல் 50 நிமிடம் வேக விடுங்கள். ஓவன் இல்லாவிட்டால் கனமான அடிப்பாகம் கொண்ட அகன்ற பாத்திரத்தில் இரண்டு விரல் உயரம் உலர்ந்த மணல் பரப்பி, மேலே ஒரு வளையம் வைத்து, மூடிப் பத்து நிமிடம் சூடாக்கிய பின் அதற்குள் அடங்கும் வட்டத் தட்டில் வேக வைக்கலாம். நேரம் சற்றுக் கூடும்.

உள்ளே நடப்பதைக் கவனியுங்கள். சூடேறும்போது முதலில் கலவை இளகுகிறது, குமிழிகள் பெருக்கின்றன. அறுபது டிகிரியைத் தாண்டியதும் முட்டைப் புரதங்கள் ஒவ்வொன்றாக உறையத் தொடங்குகின்றன. மாவுச்சத்து நீரை இழுத்து உப்பிக் கூழாகிறது. சர்க்கரை நிறைந்திருப்பதால் கேக்கில் இது சற்றுத் தாமதமாக நடக்கிறது. இல்லாவிட்டால் கேக் எழும்புமுன்பே இறுகிவிடும். கரைகள் முதலில் சூடேறி இறுகிவிட, நடுப்பகுதி இன்னும் இளகியபடி மேலே எழுகிறது. மேலோடு 140 டிகிரியைத் தாண்டும்போது புரதங்களின் அமினோ அமிலங்களும் சர்க்கரையும் வினைபுரிந்து பொன்பழுப்பு நிறத்தையும் மணத்தையும் தருகின்றன. இந்த வினையை 1912-ஆம் ஆண்டில் விவரித்த பிரெஞ்சு அறிஞர் மையார்டின் பெயராலேயே இதை அழைக்கிறோம். வேர்க்கடலையை வறுக்கும்போது தெருவரை வீசிய மணமும் இதே வினையின் வேலைதான்.

நடுவில் குத்திய குச்சி ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது. பொறுமையாக ஒரு மணி நேரம் ஆற விடுங்கள். சூட்டில் வெட்டினால் உள்ளே இருக்கும் கூழ் கத்தியோடு இழுபட்டு வரிகளை அப்பிவிடும். ஆறியதும் முதலில் குறுக்காக ஒரு துண்டு வெட்டுங்கள். கரையோரம் கிடைமட்டமாக இருக்கும் வரிகள் நடுவில் வில்லாக மேல்நோக்கி வளைந்திருக்கின்றனவா? கரை இறுகிய பின்னும் நடுப்பகுதி எழும்பிக்கொண்டிருந்தது அல்லவா, அதன் தடம் அது. மீதியை நெடுக்காக வெட்டினால் முற்றிலும் வேறு கோலம் தெரியும். குறுக்கே வெட்டியபோது கோடாகத் தெரிந்தது உண்மையில் கேக்கின் நீளத்துக்கு மடிந்து மடிந்து செல்லும் ஒரு படலம்; கத்தி எந்தத் திசையில் அதை வெட்டுகிறதோ அந்தத் திசைக்கேற்ற வரி வெளிப்படுகிறது.