ஸ்கூட்டர் பேட்டரிக்குள் ஏன் இத்தனை செல்கள்?

ஓசூரிலும் போச்சம்பள்ளியிலும் ஏத்தர், டிவிஎஸ், ஓலா நிறுவனங்களின் மின்சார ஸ்கூட்டர்கள் தயாராகின்றன. இத்தகைய ஸ்கூட்டர்களின் பேட்டரியைத் திறந்தால், கட்டைவிரல் பருமனில் சின்னச் சின்ன லித்தியம் செல்கள் நூற்றுக்கணக்கில் இருக்கும். ஏன்?

ஒரு செல் தருவது ஏறக்குறைய 3.6 வோல்ட். மோட்டாருக்கு அது போதாது. ஒன்றின் நேர்முனையை அடுத்ததன் எதிர்முனையோடு சேர்த்து 14 செல்களை வரிசையாக இணைத்தால் 50.4 வோல்ட் கிடைக்கும். இது தொடரிணைப்பு. இதில் மின்னழுத்தம் கூடும். எல்லாச் செல்களிலும் ஒரே மின்னோட்டம்தான் பாயும்.

மேடேறும்போது மோட்டார் 80 ஆம்பியர் இழுத்தால்? ஒற்றை வரிசை தாங்காது, கொதித்துவிடும். எனவே வரிசையின் ஒவ்வொரு இடத்திலும் 16 செல்களின் நேர்முனைகளை ஒன்றாகவும் எதிர்முனைகளை ஒன்றாகவும் சேர்ப்பார்கள். இது பக்க இணைப்பு. இதில் மின்னழுத்தம் மாறாது, மின்னோட்டம் பங்காகும். ஒரு செல்லுக்கு 5 ஆம்பியர்தான். ஆக, 14 × 16 = 224 செல்கள்.

வீட்டு வயரிங்கும் பக்க இணைப்புதான். எல்லாச் சாதனங்களுக்கும் அதே 230 வோல்ட். ஆனால் ஒவ்வொன்றும் இழுக்கும் மின்னோட்டம் வயரில் கூடிக்கொண்டே போகும். அதனால் ஒரே எக்ஸ்டென்ஷன் பாக்ஸில் ஹீட்டரையும் அயர்ன் பாக்ஸையும் சேர்த்துச் செருகாதீர்கள்.