உங்களுக்குத் தெரியுமா? பெண் பிள்ளை படிப்புக்குக் காசு கொடுத்தது யார்?

◆ பாளையங்கோட்டை சாராள் தக்கர் கல்லூரிக்குப் பெயர் தந்த சாராள் தக்கர், திருநெல்வேலிச் சீமையைக் கண்ணால் கண்டதே இல்லை. உடன்பிறந்த ஜான் தக்கர் சென்னையில் மிஷனரியாக இருந்தார். சாராள் இங்கிலாந்தில் இருந்தபடியே தென்னிந்தியா பற்றிப் புத்தகம் எழுதினார். ஆப்பிரிக்காவின் அபேகுடா நகரைப் பற்றியும் (இன்றைய நைஜீரியாவில் இருக்கிறது) 1853இல் ஒரு புத்தகம் வந்தது. அவர் இறந்த பிறகு தோழிகள் அவர் நினைவாகத் திரட்டிய பணத்தில்தான், ஆசிரியைகளைப் பயிற்றுவிக்கும் பள்ளி பாளையங்கோட்டையில் எழுந்தது. 1895இல் அது கல்லூரியாயிற்று.

◆ வாசுதேவநல்லூரில் பஸ் ஏறி, புளியங்குடி, கடையநல்லூர், தென்காசி தாண்டினால் குற்றாலம். அங்கே இருக்கும் பராசக்தி மகளிர் கல்லூரியை நடத்துவது குற்றாலநாதசுவாமி தேவஸ்தானம். தொடங்கிய ஆண்டு 1964. அருவியில் குளித்துவிட்டு உண்டியலில் போட்டுவிட்டு வந்த காசில் எந்தப் பெண்ணின் பட்டமாவது இருக்கலாம். சீசனுக்கு வருகிறவர்கள் அந்தக் கல்லூரிப் பக்கம் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை என்பது என் வருத்தம்.

◆ கென்யாவில் ஏனோசேன் என்ற மாசாய் கிராமம். அங்கே காகென்யா ந்டையா என்ற பெண்ணுக்கு 5 வயதிலேயே மாப்பிள்ளை பேசி முடித்துவிட்டார்கள். பருவம் வந்ததும் பெண்ணுறுப்பைச் சிதைக்கும் சடங்கு, அடுத்து கல்யாணம், அதோடு பள்ளி முடிந்தது. அதுதான் ஊர் வழக்கம். இந்தப் பெண் அப்பாவிடமே பேரம் பேசினார்: சடங்குக்குச் சம்மதிக்கிறேன், ஆனால் உயர்நிலைப் படிப்பை முடிக்க விட வேண்டும். அவர் கொடுத்த விலை எத்தகையது என்பதை நாம் விளக்க வேண்டியதில்லை. அமெரிக்கக் கல்லூரியில் இடம் கிடைத்தபோது, ஊர்ப் பெரியவர்களைச் சம்மதிக்க வைத்தார். ஊரே பணம் திரட்டி அனுப்பியது. படித்து முடித்துத் திரும்பி வந்து ஊருக்கு உதவுவேன் என்பது அவர் கொடுத்த வாக்கு. பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் வாங்கினார். 2009இல் அதே கிராமத்தில் 30 சிறுமிகளோடு ஒரு பள்ளியைத் திறந்தார். பிள்ளையைச் சேர்க்கும் பெற்றோருக்கு அங்கே ஒரு நிபந்தனை உண்டு: சடங்கும் கூடாது, இளவயதுக் கல்யாணமும் கூடாது.

◆ ஜிம்பாப்வேயில் 1993இல் 32 சிறுமிகளின் பள்ளிச் செலவை ஏற்றுத் தொடங்கியது காம்ஃபெட் அமைப்பு. முதலில் உதவி பெற்றவர்களில் ஒருவரான ஏஞ்சலின் முரிமிர்வா பின்னாளில் அதன் தலைமைப் பொறுப்புக்கு வந்தார். உதவி வாங்கிப் படித்த பெண்கள் 1998இல் தங்களுக்கென ஒரு சங்கம் கண்டு, தாங்களும் அடுத்த பிள்ளைகளுக்குக் கொடுக்க ஆரம்பித்தார்கள். நம்மூர்ப் பள்ளிகளின் பழைய மாணவியர் சந்திப்புகளில் குரூப் போட்டோவோடு கலைந்துவிடுகிறோமே!

◆ சகோதரி சுப்புலட்சுமி பிறந்தது 1886. சிறு வயதிலேயே விதவையானார். 1911இல் பட்டம் பெற்றார். இளம் விதவைகள் தங்கிப் படிக்க இல்லம் தொடங்கியபோது அவருக்கு 30கூட ஆகவில்லை. பிறகு அந்த இல்லம் இருந்த இடம் மெரினா ஐஸ் ஹவுஸ், இன்றைய விவேகானந்தர் இல்லம்.

◆ மதுரை கொடிக்குளத்தில் வங்கி ஊழியர் பூரணம் அம்மாள், தம் 1 ஏக்கர் 52 சென்ட் நிலத்தை அரசுப் பள்ளிக்கு எழுதிக் கொடுத்தார். மதிப்பு சுமார் 7 கோடி ரூபாய் என்று செய்திகள் சொல்லின. கேட்டது ஒன்றுதான், இறந்துபோன மகளின் பெயரைப் பள்ளிக்கு வைக்க வேண்டும். 2024 குடியரசு தின விழாவில் முதலமைச்சர் அவருக்கு விருது கொடுத்தார்.

◆ பீடித் தொழிலாளர் நல நிதிச் சட்டம் 1976இல் வந்தது. பீடி சுற்றுகிறவர்களின் பிள்ளைகளுக்கு ஒன்றாம் வகுப்பிலிருந்து கல்லூரி வரை மத்திய அரசின் உதவித்தொகை உண்டு. தட்டை மடியில் வைத்துக்கொண்டே மகளைப் படிக்க வைக்கும் அம்மாக்கள் நம் பக்கம் ஏராளம். பீடித் தொழிலாளர் அடையாள அட்டை இல்லாமல் மட்டும் காரியம் ஆகாது. அதைப் பத்திரமாக வையுங்கள், அக்கா.

◆ மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் பெயரில் 1989இல் வந்தது திருமண உதவித் திட்டம். 5,000 ரூபாய் வாங்கப் பெண் 8ஆம் வகுப்பாவது படித்திருக்க வேண்டும். பிறகு அது 10ஆம் வகுப்பு ஆனது. கல்யாணத்தைக் காட்டிப் படிக்க வைத்த கெட்டிக்காரத்தனம்! 2011இல் தாலிக்குத் தங்கமும் சேர்ந்தது. 2022இல் அதே திட்டம் உருமாறி, அரசுப் பள்ளியில் 6 முதல் 12 வரை படித்து மேற்படிப்புக்குப் போகும் பெண்ணுக்கு மாதம் 1,000 ரூபாய் ஆயிற்று. அதுதான் புதுமைப் பெண். தங்கத்தைக் கைவிட்டதில் சிலருக்கு மனக்குறை, எனக்கு இல்லை.

◆ மகளிருக்குக் கட்டணமில்லாப் பயணம் 2021 மே 8 முதல் நடப்பில் இருக்கிறது. ஆனால் அது பெரும்பாலும் சாதாரணக் கட்டண டவுன் பஸ்ஸுக்குத்தான். தூரத்துக் கல்லூரிக்குப் புறநகர் வண்டியில் போகிற பிள்ளைக்கு இந்தச் சலுகை இல்லை. புதுமைப் பெண்ணின் மாத ஆயிரத்தில் ஒரு பங்கு பஸ்ஸுக்கே போய்விடலாம்.

◆ வேறு உதவித்தொகை வாங்குகிற மாணவியும் புதுமைப் பெண் பணத்தை வாங்கலாம். விண்ணப்பிப்பது கல்லூரி வழியாகத்தான். தமிழ் வழியில் படித்த அரசு உதவி பெறும் பள்ளி மாணவியருக்கும் 2024 டிசம்பரில் திட்டம் விரிந்தது. தொலைதூரக் கல்விக்குக் கிடையாது.