ஒரே ஆறு, இரண்டு வாழ்வு!

வெளிநாட்டுக் கடைகளில் பளபளக்கும் தோல் காலணிகளில் பல எங்கே பிறந்தவை தெரியுமா? ஆம்பூரில்! வாணியம்பாடியில்! ராணிப்பேட்டையில்!

பாலாற்றங்கரை ஊர்கள் இவை. இங்கே தோல்தான் பொன். தோலைக் கப்பலேற்றிய வியாபாரிகள் மாளிகை கட்டினார்கள். கல்விக்கும் கொடுத்தார்கள். வாணியம்பாடி இஸ்லாமியா கல்லூரி 1919-ல் தோன்றியது.

அதே ஊரில் தோலைச் சுமந்தவர்கள், தோலைச் சீவியவர்கள் எப்படி வாழ்கிறார்கள்?

தோல் பதமாகும் கதை

பச்சைத் தோல் உப்புப் போட்டு வருகிறது. அதைச் சுண்ணாம்பு நீரில் ஊறவைத்து மயிரை நீக்குகிறார்கள். முன்பு ஆவாரம்பட்டை போட்டுப் பதனிட்டார்கள். பிறகு குரோமியம் உப்பு வந்தது. வேலை சீக்கிரம் முடிந்தது. ஆனால், விஷமும் சேர்ந்தது.

ஒரு கிலோ தோலுக்குச் சுமார் 35 லிட்டர் தண்ணீர் வேண்டும். அந்தக் கழிவு நீர் எங்கே போயிற்று? பாலாற்றுக்கு, வயலுக்கு, கடைசியில் குடிக்கும் கிணற்றுக்கு!

பணம் உள்ளவர் தூரத்து ஊரிலிருந்து நல்ல தண்ணீரை விலைக்கு வாங்கலாம். இல்லாதவர் குடத்தைத் தூக்கிக்கொண்டு அலையத்தான் வேண்டும்.

சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பு

வேலூர் குடிமக்கள் நலச் சங்கம் 1991-ல் வழக்குப் போட்டது. 1996 ஆகஸ்டு 28-ந்தேதி சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. தோல் ஆலைகள் உள்ள பகுதியில் 35 ஆயிரம் எக்டேர் நிலம் பாதியோ, முழுதுமோ சாகுபடிக்கு உதவாமல் போய்விட்டது என்று அதில் கூறப்பட்டது. "கெடுத்தவரே ஈடு கட்டவேண்டும்" என்பதே தீர்ப்பின் சாரம். ஆலைகளுக்குத் தலா 10 ஆயிரம் ரூபாய் அபராதமும் விழுந்தது.

தூக்கத்திலேயே சாவு

2015 ஜனவரி 31. விடியாத நேரம். ராணிப்பேட்டை சிப்காட்டில் கழிவுத் தொட்டியின் சுவர் இடிந்தது. சேறு பாய்ந்து வந்தது. பக்கத்து ஆலையில் படுத்துத் தூங்கிய 10 தொழிலாளர்கள் மாண்டார்கள். பெரும்பாலோர் பிழைப்புத் தேடி மேற்கு வங்காளத்திலிருந்து வந்தவர்கள். எந்த மாளிகையையும் அந்தச் சேறு தொடவில்லை!

2025 ஜனவரி 30-ந்தேதி சுப்ரீம் கோர்ட்டு மறுபடி உத்தரவு போட்டது. பாதிக்கப்பட்டும் இழப்பீடு பெறாதவர்களுக்கு அதைக் கொடுக்கவேண்டும், பாலாற்றைச் சீர்படுத்தவேண்டும், கண்காணிக்க ஓய்வு பெற்ற ஐகோர்ட்டு நீதிபதி தலைமையில் குழு வேண்டும் என்றது. முதல் வழக்குக்கும் இதற்கும் 34 ஆண்டு இடைவெளி! அன்று பிறந்த பிள்ளைக்கு இன்று பிள்ளை இருக்கும்.

தோல் தொழில் வேண்டாம் என்று யார் சொல்வார்? காலணி ஆலைக்குப் போகும் ஆயிரக்கணக்கான பெண்களின் வீட்டில் அடுப்பு எரிவது அதனால்தான். அந்த அடுப்பில் ஏற்றும் உலைக்கு நல்ல தண்ணீர் வேண்டும். அவர்கள் கேட்பது அவ்வளவுதான்.